பேரேட்டில் ஏறாதவர்கள்

தஞ்சைப் பெரிய கோயிலில் ஒரு நந்தா விளக்கு எரிய எத்தனை ஆடு வேண்டும் என்பதற்கு முதலாம் இராசராசன் காலத்துக் கல்வெட்டுகளில் தெளிவான கணக்கு இருக்கிறது. 96 ஆடு. பசுவானால் 48, எருமையானால் 16. கொடையாக வந்த கால்நடைகளை இடையர்களிடம் ஒப்படைப்பார்கள். பெற்றுக்கொண்டவர் விளக்கொன்றுக்கு நாள்தோறும் ஓர் உழக்கு நெய் அளக்க வேண்டும். அவருக்கு அவர் உறவினர்கள் பிணை. சந்திரனும் சூரியனும் உள்ளவரை இந்தக் கடமை தீராது. இப்படி விடப்பட்ட ஆடுகளுக்குச் சோழர் காலக் கல்வெட்டுகள் தரும் பெயர் ‘சாவா மூவாப் பேராடு’.

ஆடு சாகாமல் இருக்குமா? சாகும், கிழடு தட்டும், மழைக்காலத்தில் நோய் வந்து கொத்தாக மடியும். கணக்கில்தான் அதற்குச் சாவில்லை. செத்ததற்கு ஈடாகக் குட்டியை வளர்த்து மந்தையை 96-லேயே நிறுத்துவது இடையர் பாடு. மூலதனத்தில் கைவைக்காமல் விளைவை மட்டும் எடுப்பது என்று இன்றைய தணிக்கையாளர் சொல்வதை ஆயிரம் ஆண்டுக்கு முன்பே கல்லில் வெட்டியிருக்கிறார்கள். அதைப் படிக்கும்போது எனக்கு வியப்பும் வரும், நெருடலும் வரும். மந்தை சரிந்த ஆண்டில் அந்த இடையர் வீட்டில் என்ன சமைத்தார்கள் என்பது எந்தக் கல்லிலும் இல்லை. விளக்கு எரிகிறதா என்று பார்ப்பதற்காக எழுதிய கணக்கு அது. இடையர் பிழைக்கிறாரா என்று பார்க்க அதை யாரும் எழுதவில்லை.

ஒரு சமூகம் எதைச் செல்வமாக மதிக்கிறது, எதற்காக உழைக்கிறது என்பதை அதன் அறநூல்களைவிடக் கணக்கேடுகள் நேராகச் சொல்லிவிடும். அறநூலில் எல்லோருக்கும் இடம் கொடுக்கலாம், செலவில்லை. பேரேட்டில் இடம் கொடுத்தால் பணம் கொடுக்க வேண்டிவரும். இன்று வளர்ச்சி விகிதம் 6 என்றும் 7 என்றும் வானிலை அறிக்கை போலச் செய்தியில் வருகிறது. மழையளவு மாதிரி அதுவும் தானாக வானத்திலிருந்து விழுந்தது என்றே நாம் எடுத்துக்கொள்கிறோம். அந்த எண்ணுக்கும் ஒரு பிறப்பு உண்டு, பெற்றவர்களுக்கு ஒரு நோக்கமும் உண்டு.

அந்த எண்ணுக்கு அடிப்படையான நாட்டு வருமானக் கணக்கை இந்தியாவில் தொடங்கிவைத்தவர் தாதாபாய் நௌரோஜி. 1876-இல் பம்பாயில் அவர் படித்த இந்தியாவின் வறுமை பற்றிய கட்டுரையில், பிரிட்டிஷ் இந்தியாவில் ஆளுக்கு ஆண்டு வருமானம் 20 ரூபாய் என்று காட்டினார். 1867-70 காலத்துக்கான கணக்கு அது. சர்க்காரின் சொந்த நிர்வாக அறிக்கைகளிலிருந்தே எண்களை எடுத்தார். ஆனால் அந்த 20 ரூபாயைவிட, அதை அவர் எதன் பக்கத்தில் வைத்தார் என்பதுதான் முக்கியம். சிறைக் கைதிகளுக்கும் கப்பலேறிப் போகும் ஒப்பந்தக் கூலிகளுக்கும் சர்க்காரே ஓர் உணவுப் பட்டியல் வகுத்திருந்தது. அதற்கு என்ன செலவாகும் என்று பார்த்தார். வெறுமனே உயிர் தாங்குவதற்கு இடத்துக்குத் தக்கபடி 16-இலிருந்து 35 ரூபாய் வரை தேவைப்பட்டது. குற்றம் செய்து உள்ளே போனவருக்குச் சர்க்கார் ஒதுக்கும் சோறுகூட, எந்தக் குற்றமும் செய்யாமல் வெளியே உழுதுகொண்டிருந்த பலருக்கு எட்டவில்லை. வாதத்துக்கு இதைவிடக் கூரான கருவி கிடைக்காது.

ஆட்சியாளர்கள் சும்மா இருப்பார்களா? 1882-இல் ஈவ்லின் பேரிங்கும் டேவிட் பார்பரும் கணக்கெடுத்து 27 ரூபாய் என்றார்கள். 1901-இல் வைஸ்ராய் கர்சன் 30 என்றார். அதே ஆண்டு வில்லியம் டிக்பி என்ற ஆங்கிலேயர், வறுமை பெருகுகிறது என்று காட்டுபவர், பதினேழு சொச்சத்துக்கு இறக்கினார். நாடு ஒன்று, மக்கள் அவர்களே, எண்கள் மட்டும் வேறு வேறு. யாரும் பொய் சொன்னதாக எனக்குத் தோன்றவில்லை. விளைச்சலை எவ்வளவு என்று ஊகிப்பது, எதைச் சேர்ப்பது, எதைத் தள்ளுவது என்பதில் ஒவ்வொருவர் கையும் அவரவர் வழக்கின் பக்கம் சாய்ந்தது. நௌரோஜி விளைபொருளையும் செய்பொருளையும் மட்டும் எண்ணினார். அதிகாரி, வக்கீல், சேவகர் வாங்கும் சம்பளத்தைச் சேர்க்கவில்லை. அவையெல்லாம் உழவரும் கைவினைஞரும் விளைத்ததிலிருந்து போகும் பங்கு என்பது அவர் கட்சி. லண்டனுக்கு ஓய்வூதியமாகப் போகும் பணத்தை இந்தியாவின் வருமானம் என்று அவர் எப்படி எழுதுவார்?

இன்று உலகம் முழுதும் புழங்கும் கணக்குக்கு வேர் வேறிடத்தில் இருக்கிறது. பெருமந்தத்தில் அமெரிக்கா தத்தளித்தபோது, நாட்டின் வருமானம் எவ்வளவு சரிந்தது என்று செனட் கேட்டது. பொருளியலாளர் சைமன் குஸ்நெட்ஸ் 1934-இல் 1929-32 காலத்துக்கான அறிக்கையைக் கொடுத்தார். வருமானம் ஏறக்குறைய பாதியாகியிருந்தது. இல்லத்தரசிகளின் உழைப்பை விட்டுவிட்டதை அவர் மறைக்கவில்லை. தேசிய வருமானத்தை வைத்து மக்கள் நலத்தை அளந்துவிட முடியாது என்று அந்த அறிக்கையிலேயே எச்சரித்தார். படைக்கலச் செலவையும் விளம்பரச் செலவில் பெரும்பகுதியையும் வரவாகக் கொள்ளாமல் கழிக்க வேண்டும் என்றே பின்னாலும் வாதாடினார். ஆனால் உலகப்போர் வந்துவிட்டது. எத்தனை டாங்கி, எத்தனை விமானம் கட்ட முடியும், அப்போது மக்கள் நுகர்வு எவ்வளவு குறையும் என்பதுதான் அரசுகளுக்குத் தெரிய வேண்டியிருந்தது. டாங்கியைக் கழித்துவிட்டால் அந்தக் கணக்கு எதற்கு? குஸ்நெட்ஸ் தோற்றார். போர் நடத்த உதவிய கணக்கே அமைதிக் காலத்துக்கும் நிலைத்தது.

1949-இல் இந்திய அரசு தேசிய வருமானக் குழுவை அமைத்தது. மகலனோபிஸ் தலைவர், கட்கில், வி.கே.ஆர்.வி. ராவ் உறுப்பினர்கள். வெளியிலிருந்து ஆலோசனை சொல்ல வந்தவர்களில் குஸ்நெட்ஸும் ஒருவர். அதே 1949-இல் காங்கிரஸின் வேளாண் சீர்திருத்தக் குழு தன் அறிக்கையைக் கொடுத்தது. உழுபவருக்கே நிலம், இடைத்தரகர் ஒழிப்பு, நில உச்சவரம்பு என்று பேசிய அந்த அறிக்கைக்குத் தலைவர் ஜே.சி. குமரப்பா. முதல் குழு சொன்னபடி நாடு நடந்தது. இரண்டாவது குழுவின் அறிக்கை நூலகத்துக்குப் போனது.

குமரப்பாவைக் காந்தியின் சீடர்களில் ஒருவராக, செக்கையும் உரலையும் கட்டிக்கொண்டு அழுத பழைமைவாதியாகப் பலர் முடித்துவிடுகிறார்கள். அவர் தொழில் அவர்களுக்கு மறந்துவிடுகிறது. 1892-இல் தஞ்சாவூரில், பொதுப்பணித் துறை ஊழியர் ஒருவரின் கிறித்தவக் குடும்பத்தில் பிறந்தவர். லண்டனில் கணக்குத் தணிக்கை பயின்றார், பம்பாயில் தணிக்கை நிறுவனம் நடத்தினார். பிறகு அமெரிக்கா போய், கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் செலிக்மனிடம் பொதுநிதி படித்தார். இந்தியா ஏன் ஏழையாக இருக்கிறது என்பதை வரி, கடன் வழியாக ஆராய்ந்த கட்டுரையோடுதான் 1929-இல் சபர்மதிக்குப் போய்க் காந்தியைச் சந்தித்தார். பொருளாதாரத்துக்குள் அவர் அறத்தின் வாசல் வழியாக வந்தவரில்லை. ரசீதைச் சரிபார்க்கிற வாசல் வழியாக வந்தவர்.

காந்தி அவரைக் குஜராத்தின் கேடா மாவட்டத்து மாத்தர் தாலுகாவுக்கு அனுப்பினார். குஜராத் வித்யாபீட மாணவர்களோடு 1929-30-இல் ஐம்பதுக்கும் மேற்பட்ட கிராமங்களில் வீடுவீடாகப் போய் வரவு செலவு எழுதினார். நௌரோஜி மேலிருந்து கீழே வகுத்ததை இவர் கீழிருந்து மேலே கூட்டினார். நிலவரி கட்டிய பிறகு அந்தக் குடும்பத்திடம் என்ன மிஞ்சுகிறது என்பதுதான் கேள்வி. பல வீடுகளில் கடன்தான் மிஞ்சியது. 1934 பீகார் நிலநடுக்க நிவாரண நிதிக்குக் கணக்குப் பார்க்கும் பொறுப்பு வந்தபோது, காந்தியோடு வந்த பரிவாரத்தின் செலவைக்கூட அந்த நிதியில் எழுத மறுத்தார் என்று சொல்வார்கள். அவரை அறிந்தவர்களுக்கு அதில் வியப்பொன்றும் இருந்திருக்காது.

1934 கடைசியில் வார்தாவில் தொடங்கிய அகில இந்தியக் கிராமத் தொழில்கள் சங்கத்துக்கு அவர் செயலாளரானார். அங்கே அவர் அரிசியை எடுத்துக்கொண்டு பேசியது எனக்கு மிகவும் பிடிக்கும். ஆலையில் நெல்லைத் தீட்டினால் சத்துள்ள தவிடு போகிறது. வெள்ளை வெளேரென்ற அரிசிக்கு விலை கூடுகிறது, உணவாக அதன் தகுதி குறைகிறது. உரலில் குத்திக் கூலி வாங்கிய பெண்ணுக்குப் பிழைப்பு போகிறது. வீட்டுக்காகக் குத்திய உழைப்பு எந்த ஏட்டிலும் பெரும்பாலும் ஏறியிருக்காது. ஆலையின் வரவோ கடைசிக் காசு வரை ஏறும். ஆக உணவு கெட்டு, வேலை போய், நாட்டு வருமானம் உயர்ந்திருக்கும். (இப்போது அதே கைக்குத்தல் அரிசி இயற்கை அங்காடியில் ஆலை அரிசியைவிடக் கூடுதல் விலைக்கு விற்கிறது. குமரப்பா சிரித்திருப்பாரா, கோபப்பட்டிருப்பாரா என்று தெரியவில்லை. அவர் சட்டென்று கோபப்படுகிறவர்.)

ஜபல்பூர் சிறையில் எழுதி 1945-இல் வெளிவந்த ‘எகானமி ஆஃப் பெர்மனன்ஸ்’ நூலில் அவர் இயற்கையைப் பார்த்துப் பொருளாதாரத்தை ஐந்து படிகளாக வகுக்கிறார். தனக்கு உணவு தரும் மூலத்தையே கொல்வது ஒன்று. எதையும் திருப்பித் தராமல் பறித்துக்கொள்வது அடுத்தது. உழைத்து எடுத்து உழைத்துக் கொடுப்பது அதற்கும் மேலே. கூட்டத்துக்காக உழைப்பது, கைம்மாறு எதிர்பாராமல் கொடுப்பது என்று அது உயர்ந்துகொண்டே போகிறது. உச்சிப் படிகளில் அவர் கொஞ்சம் உபதேசியாகிவிடுகிறார் என்பது என் கருத்து. ஆனால் தணிக்கையாளர் குமரப்பா பேசுமிடங்கள் இன்றும் அசையாமல் நிற்கின்றன. நிலக்கரியும் பெட்ரோலியமும் தாதுவும் தேங்கிய நீர். எடுக்க எடுக்கக் குறையும். ஆற்றோட்டமும் மரமும் விளைச்சலும் ஓடும் நீர். அளவோடு எடுத்தால் வந்துகொண்டே இருக்கும். மூலதனத்தை எடுத்துத் தின்றுவிட்டு அதை வருமானம் என்று எழுதும் நிறுவனத்துக்கு எந்தத் தணிக்கையாளரும் கையெழுத்துப் போட மாட்டார். நாடுகள் மட்டும் அப்படி எழுதிக்கொண்டிருந்தன.

பணத்தைப் பற்றியும் அவருக்கு ஒரு சந்தேகம் இருந்தது. காய்கனி அழுகும், காசு அழுகாது. எனவே சந்தையில் கூடையோடு உட்கார்ந்திருப்பவரைவிடக் காசோடு நிற்பவர் கை எப்போதும் ஓங்கியே இருக்கும். சாயங்காலம் வரை காத்திருந்தால் விலை தானாக இறங்கும். சாவும் மூப்பும் இல்லாத ஆட்டைக் கோயில் கணக்கில் எழுதினார்கள் என்றால், சாவும் மூப்பும் இல்லாத காசை நாம் ஊர்முழுக்க ஓடவிட்டிருக்கிறோம். இரண்டிலும் இழப்பு போய்ச் சேரும் இடம் ஒன்றுதான்.

பின்னாளில் ‘ஸ்மால் இஸ் பியூட்டிஃபுல்’ எழுதிய ஷூமாக்கர் குமரப்பாவை மேற்கோள் காட்டியதால் மேற்கில் சிலருக்கு அவர் பெயர் தெரியும். மதுரைப் பக்கம் தே. கல்லுப்பட்டியில் காந்தி நிகேதன் ஆசிரமத்தில்தான் அவருடைய கடைசி ஆண்டுகள் கழிந்தன. 1960 ஜனவரி 30 அன்று இறந்தார்.

அவரோடு முழுக்க உடன்பட்டுவிட்டு இந்தக் கட்டுரையை முடித்துவிடலாம். தஞ்சாவூர் விடாது. காசு புழங்காத, நெல்லால் ஓடிய பொருளாதாரம் எப்படி இருந்தது என்பதை அந்த மாவட்டத்தைப் போல வேறெதுவும் சொல்லாது. அறுவடை முடிந்ததும் களத்திலேயே படியாகவும் மரக்காலாகவும் அளந்து கூலி. நாவிதருக்கும் வண்ணாருக்கும் வெட்டியாருக்கும் களத்தில் பங்கு. தூரத்திலிருந்து பார்ப்பவர்களுக்கு இது ஒருவருக்கொருவர் தாங்கிக்கொள்ளும் ஏற்பாடாகத் தெரியும். மரக்கால் யார் கையில் இருந்தது என்று பார்த்தால் வேறு மாதிரி தெரியும். பண்ணையாளுக்கு அளக்கும் நெல் உழைப்புக்கான விலையாக இருக்கவில்லை. தலைமுறை தலைமுறையாக அவரை அந்த நிலத்தோடு கட்டிப்போட்ட கயிறாக இருந்தது. 1952-இல் தஞ்சைக் குத்தகையாளர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வர வேண்டியிருந்ததும் அதனால்தான். 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் வைத்து 44 பேர் எரிக்கப்பட்டார்கள். தலித் விவசாயத் தொழிலாளர் குடும்பங்கள். பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். அவர்கள் கேட்டது அரைப்படி நெல் கூடுதல் கூலி.

அரசியல் நிர்ணய சபையில் 1948 நவம்பரில் அம்பேத்கர், வரைவு அரசியலமைப்பு கிராமத்தைத் தள்ளிவிட்டுத் தனிமனிதரை அலகாகக் கொண்டதற்கு மகிழ்ச்சி தெரிவித்தார். கிராமத்தைப் பற்றி அவர் சொன்ன கடுஞ்சொற்கள் பலருக்கும் தெரியும். அவரும் பொருளாதாரம் படித்தவர், அதே கொலம்பியாவில் அதே செலிக்மனிடம். ரூபாயின் பிரச்சினை பற்றி 1923-இல் நூல் எழுதியவர். ஒரே ஆசிரியரிடம் படித்த இரண்டு இந்தியர்களில் ஒருவர் கிராமத்தில் நிலைத்த வாழ்வின் வேரைக் கண்டார், மற்றவர் தப்ப வேண்டிய சிறையைக் கண்டார். காசுக்கு முகம் தெரியாது என்று நாம் குறைப்பட்டுக்கொள்வோம். முகத்தைப் பார்த்தே கூலி அளக்கப்பட்டவருக்கு அதுவே பெரிய விடுதலை. திருப்பூருக்கும் சென்னைக்கும் பஸ் ஏறியவர்கள் பலருக்கு இதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. என் வாக்கு இந்த இடத்தில் அம்பேத்கருக்குத்தான்.

ஆனால் அந்தத் திருப்பூருக்கே போய்ப் பார்த்தால் குமரப்பா மறுபடியும் எழுந்து நிற்கிறார். நொய்யலின் குறுக்கே ஒரத்துப்பாளையம் அணை பாசனத்துக்காகக் கட்டப்பட்டு 1992-இல் பயன்பாட்டுக்கு வந்தது. மேலே திருப்பூரின் சாயப்பட்டறைகள் விட்ட கழிவு அதில் வந்து தேங்கியது. நிலத்துக்கு நீர் பாய்ச்ச வேண்டிய அணை நிலத்தைக் கெடுக்கும் தொட்டியானது. விவசாயிகள் நீதிமன்றம் போனார்கள். வருடக்கணக்கில் வழக்கு நடந்து, 2011 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்டது. கழிவை வெளியே விடாத முறைக்கு மாறிய பிறகே திறக்கலாம் என்றது.

இதை நாட்டுக் கணக்கில் எப்படி எழுதியிருப்பார்கள்? பனியன் ஏற்றுமதி வரவில் ஏறியது. கெட்ட கிணறு எங்கும் ஏறவில்லை. குடிநீரை லாரியில் வாங்கியபோது அந்த விற்பனை ஏறியது. சுத்திகரிப்பு ஆலை கட்டியபோது அதன் செலவும் உற்பத்தியாக ஏறியது. கெடுத்ததும் வளர்ச்சி, கெடுத்ததைத் திருத்தியதும் வளர்ச்சி. அங்கே வேலை பார்த்துப் பிழைத்த லட்சக்கணக்கான குடும்பங்களை மறந்துவிட்டு நான் இதைச் சொல்லவில்லை. அவர்களில் பலர் வேறு ஏதோ ஒரு மரக்காலிடமிருந்து தப்பி வந்தவர்கள். ஒருவர் விடுதலைக்கான செலவை நொய்யலின் கடைமடைக்காரர் தலையில் எழுதி, அப்படி எழுதியது தெரியாமலும் பார்த்துக்கொண்டோம் என்பதுதான் என் புகார்.

2025 மார்ச்சில் ஐ.நா. புள்ளியியல் ஆணையம் தேசியக் கணக்குகளுக்கான புதிய முறையை ஏற்றது. இயற்கை வளம் எடுக்க எடுக்கக் குறைவதை இனி உற்பத்திச் செலவாகக் கழிக்க வேண்டும், கழித்து மிஞ்சும் நிகர எண்ணுக்கு முதன்மை தர வேண்டும் என்கிறது அது. தேங்கிய நீர் பற்றிச் சிறையில் எழுதியதற்கு எண்பது ஆண்டுகள் கழித்து இவ்வளவு. ஆறு கெடுவது அந்தக் கழித்தலுக்குள் இன்னும் வரவில்லை.

அடுப்படியும் வரவில்லை. இந்தக் கணக்கு முறையின் எல்லைக்கோடு விசித்திரமானது. வீட்டுக்காக நெல் விளைத்தால் அது உற்பத்தி. குடத்தில் தண்ணீர் சுமந்து வந்தால்கூட உற்பத்தி என்றே விதி சொல்கிறது. அந்த நெல்லை அந்தத் தண்ணீரில் வேகவைத்து நான்கு பேருக்குப் பரிமாறினால் உற்பத்தி இல்லை. வீட்டு வேலைக்கு வரும் பெண்ணை முதலாளி மணந்துகொண்டால் நாட்டு வருமானம் குறைந்துவிடும் என்று பொருளியலாளர் பிகு 1920-களிலேயே சுட்டிக்காட்டினார். நூறு ஆண்டாக வகுப்பறையில் அதைச் சொல்லிச் சிரிக்கிறார்கள், எல்லைக்கோட்டை மட்டும் நகர்த்தவில்லை. இந்தியாவின் 2024 நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, ஊதியமில்லா வீட்டுவேலை செய்வோரில் பெண்கள் அதற்குச் செலவிடுவது நாளுக்கு 289 நிமிடம், ஆண்கள் 88.

இந்த உழைப்பைப் பெயர் சொல்லி அங்கீகரிக்கிறோம் என்று அறிவித்துத்தான் தமிழ்நாடு அரசு 2023 செப்டம்பர் 15 அன்று காஞ்சிபுரத்தில் கலைஞர் மகளிர் உரிமைத் தொகையைத் தொடங்கியது. ஒரு கோடிக்கும் மேற்பட்ட பெண்களுக்கு மாதம் 1,000 ரூபாய். வாங்குகிறவர்களுக்கு அந்தப் பணத்தின் அருமை தெரியும். இலவசம் என்று ஏளனம் செய்பவர்களோடு எனக்குப் பேச்சில்லை. தொடங்கியபோது விதித்த நிபந்தனைகளைப் பாருங்கள்: குடும்ப வருமானம் ஆண்டுக்கு இரண்டரை லட்சத்துக்குள், மின்சாரம் 3,600 யூனிட்டுக்குள், நஞ்சை 5 ஏக்கருக்குள், புஞ்சையானால் 10. சமைப்பவரின் உழைப்புக்கு மதிப்பென்றால், மின்மீட்டர் எவ்வளவு ஓடியது என்று பார்ப்பதற்கு என்ன வேலை? ஏசி ஓடும் வீட்டு மருமகளும் அதே 289 நிமிடத்தில்தான் நிற்கிறாள். வறுமைக்கு உதவி என்றால் நிபந்தனைகள் நியாயம், ஆனால் அப்போது அது உழைப்புக்கான உரிமை ஆகாது. மாதம் 1,000 ரூபாயை அந்த நிமிடங்களால் வகுத்தால் மணிக்கு 7 ரூபாய்க்குக் கொஞ்சம் குறைகிறது. கூலி என்று எழுதினால் ஏன் 7 ரூபாய் என்று யாராவது கேட்பார்கள். உதவி என்று எழுதினால் கேட்க மாட்டார்கள். இரண்டு பத்தியிலும் பாதிப் பாதியாக எழுதிவைப்பது ஆள்பவர்களுக்கு வசதியாக இருக்கிறது.